சத்தமில்லாத மூன்று நிமிடம்

இன்னும் கடல் எழும்பவில்லை. அதற்கு நேரமிருக்கிறது. முதலில் உப்புக்காடு வர வேண்டும், விண்கலத்தில் வந்து இறங்கியவர்களில் மூன்று பேர் ஒருவர் பின் ஒருவராக அந்த உப்புக்குள் புதைந்து போக வேண்டும், கடைசியில் லீரா என்கிற அந்தப் பெண் ஹெல்மெட்டைக் கழற்றி வீசிவிட்டுத் தன்னந்தனியாக நடக்க வேண்டும், அதற்குப் பிறகுதான் கடல் எழும்பும் என்று செண்பகவடிவு மனசுக்குள் ஒவ்வொன்றாக விரல் மடக்கிக்கொண்டாள். மடியில் ஏழு மாசத்துப் பிள்ளை காலை உதைத்துக்கொண்டு கிடந்தது. பக்கத்தில் அத்தான் அய்யாத்துரை முட்டியில் கையை ஊன்றி, திரையில் பேசுகிறவர்களோடு சேர்ந்து தானும் வாயசைத்துக்கொண்டிருந்தார். பதினோரு தடவை பார்த்த படம். அடுத்து யார் என்ன சொல்வார்கள் என்று அவருக்கு மனப்பாடம். வெளியே காலை வெயில் கரிசல் மண்ணை வறுத்துக்கொண்டிருக்க, உள்ளே இருட்டு பனிக்கட்டி மாதிரி முதுகில் ஒட்டியது. இந்த ஒரு காட்சிக்காகத்தான் அவள் வந்திருந்தாள். படம் பார்ப்பதற்கு இல்லை. பிள்ளைக்குக் கண் தெரிகிறதா இல்லையா என்று பார்ப்பதற்கு. இதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. தன்னிடம்கூட இத்தனை நாள் இப்படிச் சேர்த்துச் சொல்லிக்கொண்டதில்லை. பாதியில் வார்த்தையை விழுங்கிவிட்டு அடுப்பைப் பார்க்கவோ துணியை அலசவோ போய்விடுவாள். இருட்டில் உட்கார்ந்த தைரியத்தில் இப்போதுதான் அது முழுசாக வந்து நின்றது, நின்றதும் அவளுக்குப் பயமாகிவிட்டது, யாராவது கேட்டுவிட்டார்களோ என்று இரண்டு பக்கமும் பார்த்தாள். இடது பக்கம் பச்சைச் சேலைக்காரி ஒருத்தி மூன்று வயசுப் பெண்பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு முறுக்கை ஒடித்து ஊட்டிக்கொண்டிருந்தாள். அவளுக்கு ஒன்றும் கேட்கவில்லை. மனசில் நினைப்பது யாருக்குக் கேட்கும். ஆனாலும் வடிவு முந்தானையை இழுத்து வாயைப் பொத்திக்கொண்டாள்.

படத்துக்கு "ஆறாம் கோளின் வாசல்" என்று போஸ்டரில் பேர் போட்டிருக்கும், ஆனால் ஊரில் யாரும் அந்தப் பேரைச் சொல்வதில்லை. கடல் நிக்கிற படம், அவ்வளவுதான். வேறு தேசத்தில் எடுத்து, தமிழில் பேசவைத்து, இருபது வருசத்துக்கு முன்னால் இந்தச் சண்முகவேல் தியேட்டருக்கு வந்தது. வந்த முதல் வாரமே அந்தக் கடல் காட்சியில் ஒரு கைப்பிள்ளைக்கு வெட்டு வந்து கை கால் இழுத்துக்கொண்டதாம். அது யார் பிள்ளை, எந்தத் தெரு, பிழைத்ததா, ஒருத்தருக்கும் சரியாகத் தெரியாது, ஆளுக்கு ஒரு பேர் சொல்வார்கள். அன்றையிலிருந்து கடல் எழும்பும்போது தாய்மார்கள் பிள்ளைகளின் கண்ணைப் பொத்துவது ஊர் வழக்கமாகிவிட்டது. அந்தக் கடலைப் பார்த்தால் பிள்ளை பயந்து வெருவிரும், அப்புறம் பேச்சு வராது, பாலைக் கக்கும் என்பார்கள். அப்படிச் சொல்கிறவர்கள் படத்துக்குப் போகாமல் இருக்க வேண்டியதுதானே? இருக்க மாட்டார்கள். வைகாசிக் கடைசியில், பள்ளிக்கூடம் திறப்பதற்கு முந்தின வாரம், தியேட்டர்க்காரர் வருசா வருசம் அந்தப் படத்தைத்தான் ஓட்டுவார், தீப்பெட்டி ஆபீஸ் சனம் மொத்தமும் பிள்ளைகுட்டியோடு வந்து உட்காரும், வந்து உட்கார்ந்து கண்ணைப் பொத்தும். ஏன் வருகிறார்கள் என்று வடிவு பலநாள் யோசித்திருக்கிறாள். ஆபீஸில் குச்சி அடுக்கும்போது கை தன் பாட்டுக்கு ஓடும், மனசு இதையே சுற்றும். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவளுக்குப் பெரிய யோசனை ஒன்றும் வராதுதான். ஆனாலும் ஒன்று மட்டும் அவளுக்குப் பிடிபட்டது. இந்த ஊரில் வளர்ந்த யாருமே சின்ன வயசில் அந்தக் கடலை முழுசாகப் பார்த்ததில்லை. எல்லோரும் அம்மாவின் விரல் இடுக்கு வழியாகப் பார்த்தவர்கள். ஒருத்தருக்கு வாய்த்த இடுக்கில் விளக்குக் கட்டின மீன் தெரிந்தது, இன்னொருத்தருக்கு நீரில் மிதந்த வீடு, இன்னொருத்தருக்கு வெறும் நீலம். டீக்கடையில் இன்றைக்கும் சண்டை நடக்கும், "குதிரை வந்துச்சுல", "குதிரையும் இல்ல கழுதையும் இல்ல, அது மரம்ல" என்று மீசை வைத்த ஆம்பிளைகள் தொண்டை கிழியக் கத்துவார்கள். அவர்களே வளர்ந்து, தாங்களே டிக்கெட் எடுத்து, கண்ணைத் திறந்து வைத்துப் பார்த்துவிட்டு, அதில் என்னவோ குறைகிறது என்று கையைத் தூக்கி விரலை விரித்து இடுக்கு வழியாகப் பார்ப்பார்கள். அத்தான்கூட அப்படித்தான். கல்யாணமான புதுசில் கூட்டி வந்தபோது அவர் தன் கண்ணுக்கு முன்னால் விரலை விரித்துப் பிடித்ததைப் பார்த்து அவளுக்குச் சிரிப்பு வந்தது, சிரிக்கக் கூச்சமாக இருந்ததால் இருமினாள்.

அவருக்கு அந்தப் பைத்தியம் முற்றித்தான் பிள்ளைக்கு லீரா என்று பேர் வைத்தார். அத்தைக்கு அந்தப் பேர் வாயில் நுழையவில்லை. "என்னடா அது பேரு, கிழிஞ்ச துணி மாதிரி" என்று முகத்தைச் சுளித்தாள். "அந்தப் பொம்பள ஒருத்திதாம்மா கடலுக்குப் பயப்படாம நிக்கா. எம்புள்ளையும் அப்படி நிக்கணும்" என்று அத்தான் சொன்னார். வடிவுக்கு அன்றைக்கு எவ்வளவு சந்தோசம். இப்போதோ பேரைச் சொல்லாமல் பாப்பா என்றே கூப்பிடுகிறாள். படத்தில் லீராவுக்கு என்ன ஆகிறது? கடலுக்குள்ளே போகிறாள். வெளியே வருகிறாளா? வருகிறாள் என்று அத்தான் சொல்வார், கடைசியில் கரையில் காலடி தெரியும், அது அவளுடையதுதான் என்பார். அது வேறு யாருடைய காலடியாகவும் இருக்கலாமே. எதற்காக அந்தப் பேரை வைத்தோம். பேரில் என்ன இருக்கிறது என்று படித்தவர்கள் சொல்வார்கள். ஆனால் பிள்ளை முதல் முதலாக வடிவைத் தாண்டி எங்கேயோ பார்த்தபோது, மூன்றாம் மாசத்தில், மடியில் படுத்துக்கொண்டு அவள் முகத்தைப் பார்க்காமல் அவள் காதுக்குப் பக்கத்தில் இருந்த வெறும் காற்றைப் பார்த்துச் சிரித்தபோது, அவளுக்கு முதலில் வந்த நினைப்பு அந்தப் படம்தான். கடலுக்குள் தூங்கும் சனங்கள் இப்படித்தான் கண்ணைத் திறந்து வைத்துக்கொண்டு எங்கேயோ பார்ப்பார்கள். சீ, என்று தலையை உதறிக்கொண்டாள். "சாமியப் பாக்கா எம்பேத்தி" என்றாள் அத்தை. "மோட்டுவளையப் பாத்துப் பாத்துச் சிரிக்கா பாரு. சாமி விளையாட்டுக் காட்டுது." அத்தை சொன்னால் அது சரியாகத்தான் இருக்கும் என்று வடிவு நம்பினாள், நான்காம் மாசம் முழுக்க நம்பினாள், ஐந்தாம் மாசம் பாதி வரைக்கும் நம்பினாள்.

அப்புறம் நெருப்புக்குச்சி. ஒருநாள் அத்தை தண்ணிக்குப் போன சமயம் கதவைச் சாத்திவிட்டுப் பிள்ளையின் முகத்துக்கு முன்னால் குச்சியைக் கிழித்தாள். பிள்ளை டக்கென்று திரும்பியது. வடிவுக்கு உயிர் வந்தது. குச்சி எரிந்து விரலைச் சுடுகிற வரைக்கும் சிரித்தாள், அதைக் கீழே போட்ட பிறகுதான் அந்தச் சந்தேகம் வந்தது, திரும்பினது வெளிச்சத்துக்கா, கிழித்த சத்தத்துக்கா? வாசலுக்கு அந்தப் பக்கம் போய்க் கிழித்துக் கொண்டு வந்தாள், அப்போது கொலுசு சத்தம். கொலுசைக் கழற்றினாள், அப்போது வளையல். வளையலைக் கழற்றிய அன்றைக்குப் பார்த்து அத்தை வந்துவிட்டாள். "ஏட்டி, சுமங்கலி வெறுங்கையோட நிக்கியே, எவன் உயிர வாங்கப் பாக்க?" என்று தெருவுக்குக் கேட்கிற மாதிரி சத்தம் போட்டாள். வடிவு வளையலை மாட்டிக்கொண்டாள். பதில் சொல்லிப் பழக்கமில்லை. செல்போன் டார்ச்சை அடித்துப் பார்த்தாள். ஒருநாள் கண் சிமிட்டின மாதிரி இருந்தது. மறுநாள் இல்லை. சிமிட்டினது அவள் மூச்சுக்காற்று பட்டதாலா? மூச்சைப் பிடித்துக்கொண்டு அடித்தாள், அவளுக்கே தலை சுற்றி, பிள்ளை பார்த்ததா இல்லையா என்பது மறந்துபோனது. பார்த்தது என்று ஒருநாள், இல்லை என்று ஒருநாள். பார்த்தது என்று நினைத்த நாளில் சோறு இறங்கும். அவளுக்கு நன்றாகத் தெரியும், தான் சோதிக்கவில்லை, தன்னைத் தானே ஏமாற்றிக்கொள்ள வழி தேடிக்கொண்டிருக்கிறோம் என்று. சந்தேகத்துக்கு இடம் வைக்காத வெளிச்சம் ஒன்று வேண்டும். கொஞ்சம்கூடச் சத்தம் இல்லாத, யாராலும் பார்க்காமல் இருக்க முடியாத வெளிச்சம். ஒருநாள் பாத்திரம் தேய்க்கும்போது அது தானாக வந்து விழுந்தது. கடல் எழும்பும்போது படத்தில் சத்தமே கிடையாது. பாட்டு, பேச்சு, மூச்சு, எதுவும் கிடையாது. மூன்று நிமிசம் வெறும் வெளிச்சம். பாத்திரம் கையிலிருந்து நழுவித் தண்ணீருக்குள் போனது.

அத்தானிடம் படத்துக்குப் போவோம் என்று அவளாகக் கேட்டபோது அவர் சட்டைப் பொத்தானைப் போடுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார். "நீயா கேக்க? எங்கிட்ட உப்பு வேணும்னுகூடக் கேட்டதில்லையே நீ." அவள் தரையைப் பார்த்தாள். "பாப்பாவுக்கும் காட்டணும்" என்றாள். அப்போது அவர் முகம் எப்படி இருந்தது என்று அவளுக்குத் தெரியாது, தரையைத்தானே பார்த்துக்கொண்டிருந்தாள். "சரி, போவோம்" என்று மட்டும் சொன்னார். அத்தான் சொந்த அத்தை மகன். சொந்தத்துக்குள் கட்ட வேண்டாம் என்று கிராம நர்ஸம்மா கல்யாணத்துக்கு முன்னால் வீடு தேடி வந்து சொன்னதை எல்லோரும் சேர்ந்து சிரித்து அனுப்பினார்கள். அப்போது சிரிக்காமல் நின்றது வடிவு மட்டும்தான். ஆனால் வாயைத் திறக்கவும் இல்லை. திறந்திருந்தால்? திறந்திருந்தால் இந்தப் பிள்ளையே இருந்திருக்காது. இந்த மோவாய்க் குழி, இந்தக் கழுத்து மடிப்பில் நிற்கும் பால் வாசம், ஒன்றும் இருந்திருக்காது. அப்படி நினைக்கவும் ஆகவில்லை. நினைப்பு அந்த இடத்துக்கு வந்ததும் செக்கு மாடு மாதிரி திரும்பிப் பழைய தடத்திலேயே போனது, தெரிந்தால் வீட்டில் என்ன சொல்வார்கள், யாரைச் சொல்வார்கள், அவளைத்தான் சொல்வார்கள், அவள் வயிற்றைத்தான் சொல்வார்கள், அத்தான் என்ன செய்வார், அவருக்கு இந்த உலகத்தில் கண்ணால் பார்ப்பதைவிடப் பெரிய சந்தோசம் கிடையாது, பார்த்ததையே பதினோரு தடவை பார்க்கிற மனுசன், அவருக்குப் பிறந்த பிள்ளை.

திரையில் உப்புக்காடு வந்துவிட்டது. கண் கூசும் வெள்ளை. தியேட்டரே வெளுத்துப்போய், முன் வரிசைத் தலைகள் எல்லாம் எண்ணக்கூடிய மாதிரி தெரிந்தன. வடிவு கண்ணாடி வளையல்களை முழங்கைப் பக்கமாக மேலே தள்ளிக் கைக்குட்டையால் இறுக்கிக் கட்டினாள். டிக்கெட் கிழிக்கிற தங்கையா டார்ச்சோடு நடையில் இறங்கினார். அவருக்கு வருசத்தில் இந்த ஒரு வாரம்தான் ராஜ வாழ்வு. "கைப்பிள்ளக்காரங்க கவனம்! கடல் எந்திரிக்கப் போவுது! பொத்துற ஆளு பொத்திக்கங்க!" பின்னாலிருந்து ஒருவன், "அண்ணாச்சி, எம்பொண்டாட்டி கண்ணப் பொத்தவா?" என்று கத்தினான். "உன்னைப் பாத்தே பயப்படாதவ, கடலுக்கா பயப்படப் போறா?" என்றார் தங்கையா. தியேட்டர் அதிரச் சிரித்தது. சிரிப்புச் சத்தத்துக்கு மடியில் பிள்ளை தலையைத் திருப்பியது, வலது பக்கம், இடது பக்கம், எத்தனை சரியாகத் திருப்பியது. காது அப்படி. அத்தை அடுக்களையில் கரண்டியை எடுத்தால் இது தொட்டிலில் வாயைக் கூட்டும். அதனால்தான் வீட்டில் ஒருத்தருக்கும் தெரியவில்லை. பச்சைச் சேலைக்காரி முறுக்குப் பொட்டலத்தை இடுப்பில் செருகிவிட்டு வடிவின் பக்கம் சாய்ந்தாள். "தலைச்சனா? பேரு என்ன வச்சிருக்கீக?" வடிவு பேரைச் சொன்னாள், அவளுக்கே கேட்காத குரலில். "அட, படத்துப் பேரா! எம்பேரு செயக்கொடி. இவ தர்ஷினி. போன வருசம் இவ கண்ணப் பொத்துனேன்னு என் கைய எப்படிக் கடிச்சு வச்சா தெரியுமா, இன்னா பாருங்க, தழும்பே இருக்கு. பிள்ளைக விடவே விடாது. கொஞ்சம் அசந்தோம்னா இடுக்குல பாத்துரும். நல்லா அழுத்திப் பொத்துங்க, என்ன?" வடிவு தலையாட்டினாள். பொத்த மாட்டேன் என்று மனசுக்குள் சொன்னாள். ஊரெல்லாம் பொத்தட்டும், நான் மட்டும் பிள்ளையை நிமிர்த்தி உட்காரவைத்து, திரைக்கு நேராக முகத்தைப் பிடித்து, நான் திரையைப் பார்க்காமல், இவள் கண்ணை மட்டும் பார்ப்பேன். கண்மணி நகர்கிறதா என்று பார்ப்பேன். மூன்று நிமிசம் போதும்.

அவள் அம்மா கை ஞாபகம் வந்தது. ஏழு வயசு. அம்மாவும் தீப்பெட்டி ஆபீஸ்தான், விரல் நுனியெல்லாம் குச்சி மருந்து வாசம் அடிக்கும். அந்தக் கை வந்து கண்ணை மூடியது, மூடின கை கொஞ்ச நேரத்தில் தளர்ந்தது, ஏனென்றால் அம்மா கடலைப் பார்த்துக்கொண்டிருந்தாள், பார்க்கப் பார்க்கக் கையை மறந்துபோனாள், நடுவிரலுக்கும் மோதிரவிரலுக்கும் இடையில் சிவப்பு ஓரம் வைத்த ஒரு கீற்று திறந்தது. அந்தக் கீற்றில் வடிவு பார்த்தது ஒரே ஒரு முகம். தண்ணீருக்குள் நின்றபடி தூங்கும் ஒரு பெண்ணின் முகம், முடி மேல்நோக்கிப் போக, தொண்டைக்குழியில் சின்னதாக ஒரு விளக்கு எரிய. அப்புறம் அம்மா கை இறுகிவிட்டது. அந்த முகம் பதினேழு வருசமாக அவளோடு கூடவே வந்தது. குச்சி அடுக்கும்போது வந்தது, பெண் பார்க்க வந்த அன்றைக்குத் தட்டோடு நின்றபோது வந்தது, பிரசவ வலியில் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினபோது வந்தது. கல்யாணத்துக்குப் பின் இரண்டு தடவை வந்து பார்த்தாள், அந்த முகத்தை மட்டும் கண்டுபிடிக்க முடியவில்லை. ஆயிரம் பேர் தூங்குகிறார்கள், அதில் எது அந்த முகம். இன்றைக்கு அதைத் தேடக்கூடாது. இன்றைக்குத் திரையே கூடாது. திரையில் லீரா ஹெல்மெட்டைக் கழற்றினாள். கழற்றின சத்தம்தான் கடைசிச் சத்தம். அதற்குப் பிறகு தியேட்டரில் ஃபேன் ஓடுவதுகூட நின்றுபோன மாதிரி இருந்தது. அறுநூறு பேர் மூச்சை அடக்கினார்கள். வடிவு பிள்ளையைத் தூக்கி நிமிர்த்தினாள்.

கடல் எழும்பியது. தூரத்தில், அடிவானத்தில், பாயைச் சுருட்டுகிற மாதிரி ஓரம் மெல்ல மடிந்தது, மடிந்த ஓரம் நிமிர்ந்தது, நிமிர்ந்துகொண்டே வந்தது. வடிவு பிள்ளையின் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள், கன்னத்தில் ஏறும் வெளிச்சத்தைத்தான் பார்த்தாள், முதலில் சாம்பல், அப்புறம் வெங்காயத்தோல் நிறம், அப்புறம் நீலம், இப்படி ஒரு நீலம் கன்னத்தில் விழுந்தால் அது எங்கிருந்து வருகிறது என்று யாருக்குத்தான் ஒரு நொடி தலை திரும்பாது, ஒரே ஒரு நொடி, அவள் திரும்பினாள். சுவர் நின்றது. தண்ணீர்ச் சுவர், மேலே முடியவே முடியாத சுவர், அதற்குள் வீடுகள் தலைகீழாக மிதந்தன, மரங்கள் வேரோடு மெதுவாகச் சுற்றின, மரத்தின் கிளைகளுக்குள் மீன்கள் விளக்கைத் தூக்கிக்கொண்டு புகுந்து வெளியேறின, இன்னும் உள்ளே, இன்னும் ஆழத்தில், அவர்கள். நின்றபடி தூங்குகிறவர்கள். வரிசை வரிசையாக. ஒவ்வொரு தொண்டையிலும் ஒரு பொட்டு வெளிச்சம். கண்கள் திறந்தே இருந்தன. எது அந்த முகம்? அதுவா, அந்த ஓரத்தில் நிற்பவளா, இல்லை, அந்த முகத்துக்கு மூக்கு கூர், இது உருண்டை, பின்னால் ஒருத்தி, அவளுக்குப் பின்னால், படம் தானாக உள்ளே உள்ளே போனது, யாரோ கையைப் பிடித்து நடத்திக்கொண்டு போகிற மாதிரி வடிவும் போனாள், தண்ணீர் மூடியது, குளிரவில்லை, பயமாக இருந்தது, பயமாக இருப்பது வேண்டியிருந்தது, இன்னும் கொஞ்சம், இன்னும் ஒரு வரிசை. அப்போது கடைசி வரிசையிலிருந்து விளக்குகள் அணையத் தொடங்கின. ஒவ்வொன்றாக. சத்தமே இல்லாமல். ஒரு தொண்டை இருண்டது, அடுத்தது, அடுத்தது, இருட்டு முன்னோக்கி நடந்து வந்தது, அணைவதற்கு முன்னால் அவளைக் கண்டுபிடித்துவிட வேண்டும், அதோ, அதோ அவள்தான்.

"விடும்மா! எனக்குத் தெரியல! கைய எடு!" தர்ஷினி வீறிட்டாள். பக்கத்து இருக்கை கிறீச்சிட்டது, பிள்ளை காலை உதைத்து, இரண்டு கையாலும் தாயின் விரல்களைப் பிடுங்கி, தலையை இப்படியும் அப்படியும் திருகி, "பாக்கணும், பாக்கணும்" என்று துள்ளியது. செயக்கொடி சிரித்துக்கொண்டே, "கழுத, கடிக்காதட்டி" என்று அதக்கிப் பிடித்தாள். தியேட்டரில் அங்கங்கே பிள்ளைகள் இப்படித்தான் தாயின் கையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தன. வடிவு தண்ணீரிலிருந்து மேலே வந்தாள். வந்து பார்த்தால் தன் வலதுகை. அது எப்போது போனது, யார் சொல்லிப் போனது, அவளுக்குத் தெரியாது. அவள் கை பிள்ளையின் கண்ணைப் பொத்திக்கொண்டிருந்தது. அம்மா பொத்தின மாதிரியே, கட்டை விரல் ஒரு பொட்டில், சுண்டுவிரல் மறு பொட்டில். எவ்வளவு நேரமாக? கடல் நின்ற நேரமெல்லாமா? அந்தக் கைக்கு அடியில் ஒன்றும் நடக்கவில்லை. விரலைப் பிடுங்கவில்லை. தலையைத் திருகவில்லை. உள்ளங்கையில் இமைமுடி மட்டும் எப்போதாவது ஒரு தடவை, தூக்கம் வராத பூச்சி இறகை மடக்குகிற மாதிரி, அவசரமே இல்லாமல் உரசியது. பிள்ளை சமாதானமாக வாயில் விரலைப் போட்டுச் சப்பிக்கொண்டிருந்தது. கை இருப்பதும் இல்லாததும் அதற்கு ஒன்றாக இருந்தது.

வடிவுக்கு உடம்பு முழுக்க ஒரே இடத்தில், அந்த உள்ளங்கையில் வந்து குவிந்தது. சுண்டுவிரலைத் தூக்கப் பார்த்தாள். அப்போது அவள் கைமேல் இன்னொரு கை வந்து விழுந்தது. சொரசொரத்த கை, வேர்த்திருந்தது. "எடுக்காத" என்றார் அத்தான். அவள் திரும்பினாள். தியேட்டரில் அத்தனை முகமும் திரையைப் பார்த்து முழுசாக நீலத்தில் இருக்க, அவர் முகத்தில் ஒரு கன்னத்தில் மட்டும்தான் நீலம் இருந்தது. அவர் திரையைப் பார்க்கவில்லை. பன்னிரண்டாம் தடவை வந்த மனுசன் பிள்ளையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். "இருக்கட்டும் வடிவு, எடுக்காத. கை இருக்கப் போய்த்தான் பிள்ள பாக்கல. கொஞ்ச நேரம் அப்படியே இருக்கட்டும்." அந்தக் குரலை அவள் இதுவரை கேட்டதில்லை. அவளுக்கு எல்லாம் விளங்கியது, விளங்கினதும் இன்னும் பயமானது, ஏனென்றால் இனி இது ஒருத்தியின் பிரமை இல்லை. "எப்ப இருந்து அத்தான்?" என்று கேட்டாள். "பங்குனியில இருந்து. நீ அசந்து கிடக்கையில டிவிய ஊமையாக்கிப்போட்டுக் காட்டுனேன். ஒவ்வொரு நாளும் காட்டுனேன். உங்கிட்ட எப்படிச் சொல்ல? நீ தாங்க மாட்டியேன்னு..." அவர் முடிக்கவில்லை. "நானும் அப்படித்தான் நெனச்சேன், நீங்க தாங்க மாட்டீகன்னு" என்றாள் வடிவு. ஒரே வீட்டுக்குள் ஒருத்தருக்கு ஒருத்தர் தெரியாமல் இரண்டு பேரும் பிள்ளைக்கு வெளிச்சம் காட்டிக்கொண்டு அலைந்திருக்கிறார்கள். அவர் கை இன்னும் அழுத்திக்கொண்டுதான் இருந்தது. வடிவு இடதுகையால் அவர் விரல்களை ஒவ்வொன்றாக எடுத்தாள். அப்புறம் தன் கையை எடுத்தாள். பிள்ளையின் கண் திறந்துதான் இருந்தது. ஈரமாக, பெரிசாக, கறுப்பாக. அந்தக் கறுப்புக்குள் இரண்டு குட்டிக் கடல்கள் நின்றன, சுவர், மீன், மரம், அணைந்துகொண்டு வரும் விளக்குகள், ஒன்றும் விட்டுப்போகாமல் படம் முழுசும் அதற்குள் ஓடியது. இந்த ஊரில் அந்தக் கடலை முழுசாகக் கண்ணில் வாங்கின பிள்ளை இது ஒன்றுதான். கண் அதைக் கண்டுகொள்ளாமல் தர்ஷினியின் விசும்பல் வந்த பக்கமாக அலைந்தது.

வடிவு பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு எழுந்தாள். "எங்க போற?" என்றார் அத்தான். "கண்ணாஸ்பத்திரிக்கு. ஒரு மணி வரைக்கும் சீட்டுப் போடுவாங்க." "இப்பவேயா? வீட்டுல அம்மாட்ட ஒரு வார்த்த..." "நான் சொல்லிக்கிடுதேன்." அவள் குரல் அந்தச் சத்தமில்லாத தியேட்டரில் கடைசி வரிசையிலிருந்து முதல் வரிசை வரைக்கும் போனது. பின்சுவர் ஓட்டையிலிருந்து வரும் வெளிச்சம் அவள் தலையில் மோதியது. திரையில், நின்ற கடலின் மேல், ஒரு பெண்ணின் நிழலும் அவள் இடுப்பில் ஒரு பிள்ளையின் நிழலும் மச்சு வீட்டு உயரத்துக்கு எழும்பின, தூங்குகிறவர்களில் பாதிப் பேரை மறைத்தன. "ஏ யாரும்மா அது, உக்காரும்மா!" "தல மறைக்குல்ல!" "குனிஞ்சு போயேன், மூணு நிமிசம் பொறுக்க மாட்டியா?" அறுநூறு முகங்கள் திரையை விட்டுத் திரும்பி அவளைப் பார்த்தன. பிறந்ததிலிருந்து ஒரு வரிசையைத் தாண்டுவதென்றால் தலையைத் தோளுக்குள் இழுத்துக்கொண்டு நடப்பவள், அத்தானின் சட்டைக் கையைப் பிடித்து எழுப்பினாள். குனியவில்லை. நிமிர்ந்தபடி, ஒவ்வொரு முட்டியாகத் தள்ளிக்கொண்டு, வரிசை முடிகிற வரைக்கும் அந்தக் கடலை மறைத்துக்கொண்டே நடந்தாள்.